அளவுகோலுக்கு அடங்காத வீடு

உங்கள் வீட்டின் பரப்பளவு என்ன என்று யாராவது கேட்டால், வீட்டுப் பத்திரத்தைப் பார்த்துப் பதில் சொல்லிவிடலாம். எத்தனை சதுர மீட்டர், எத்தனை அறைகள், எத்தனையாவது மாடி என எல்லா விவரங்களும் அதில் இருக்கும். இப்போது வேறொன்றைச் செய்து பாருங்கள். ஒரு வெள்ளைத் தாளையும் பென்சிலையும் எடுத்துக்கொள்ளுங்கள். நீங்கள் சிறு வயதில் வாழ்ந்து, பிறகு விட்டு வந்த வீட்டையோ தாத்தா பாட்டியின் பழைய வீட்டையோ நினைவிலிருந்து வரையுங்கள்.

வரையத் தொடங்கியதும் ஒன்றைக் கவனிப்பீர்கள். படுக்கையறையின் அகலம் நினைவுக்கு வராது. ஆனால், சமையலறையில் அரிசி வாளி இருந்த மூலை நினைவுக்கு வரும். பாட்டி நாற்காலி போட்டு அமர்ந்த நடைவழி நினைவுக்கு வரும். மழை நாளில் துணிகளை அவசரமாக உள்ளே இழுத்த சன்னல் நினைவுக்கு வரும்.

பத்திரம் காட்டும் வீடு ஒன்று. மனத்தில் இருக்கும் வீடு மற்றொன்று. முதலாவது வீட்டை அளக்க அளவுகோல் உண்டு. இரண்டாவது வீட்டை எதைக்கொண்டு அளப்பது? இந்தக் கேள்விக்குத் தங்கள் கலையால் விடை தேடிய மூவரைப் பற்றி இக்கட்டுரை விளக்குகிறது. ஒருவர் தாளை எடுத்துக்கொண்டார். ஒருவர் விதையை எடுத்துக்கொண்டார். இன்னொருவர் படிக்கட்டை எடுத்துக்கொண்டார். அவர்களிடம் செல்வதற்கு முன், இந்தக் கேள்வி நமக்கு எவ்வளவு அருகில் இருக்கிறது என்பதைக் குவீன்ஸ்டவுனில் பார்ப்போம்.

மாறிவரும் குவீன்ஸ்டவுன்

சிங்கப்பூரின் முதல் துணைநகரம் குவீன்ஸ்டவுன். இரண்டாம் எலிசபெத் அரசியாருக்கு முடிசூட்டப்பட்ட 1953ஆம் ஆண்டில் இதற்கு இப்பெயர் சூட்டப்பட்டது. சிங்கப்பூர் மேம்பாட்டு அறநிறுவனம் இங்குக் கட்டுமானப் பணியைத் தொடங்கியது. 1960ஆம் ஆண்டில் அமைக்கப்பட்ட வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் அதைத் தொடர்ந்தது. நாட்டின் முதல் முழுநேரக் கிளை நூலகமும் இங்குதான், 1970ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது.

குவீன்ஸ்டவுனின் ஒரு பகுதி தங்ளின் ஹால்ட். 'ஹால்ட்' என்றால் ரயில் சற்று நேரம் நின்று செல்லும் சிறு நிறுத்தம். மலாயா ரயில் இவ்வழியாக ஓடிய காலத்தின் தடம் அந்தப் பெயரில் இருக்கிறது. 1960களில் இங்குக் கட்டப்பட்ட பத்து மாடிக் கட்டடங்களை மக்கள் ஹொக்கியன் மொழியில் 'சாப் லாவ் சூ' என்று அழைத்தனர். 'பத்து மாடி வீடு' என்பது அதன் பொருள். சிங்கப்பூரின் முதல் ஒரு வெள்ளி நோட்டின் பின்புறத்திலும் இந்த வீடுகளின் படம் இடம்பெற்றது.

இந்த ரயில் பாதைக்கும் தமிழர்களுக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு. 1932ஆம் ஆண்டில், ரயில்வேயில் வேலை செய்த தமிழர்கள் குவீன்ஸ்வே அருகே தண்டவாளத்தை ஒட்டி முனீஸ்வரனுக்குச் சிறு கோயில் அமைத்து வழிபட்டனர். அதுவே இன்று காமன்வெல்த் டிரைவில் பெரிய கோயிலாக நிற்கும் ஸ்ரீ முனீஸ்வரன் ஆலயம். 1998ஆம் ஆண்டில் அது அங்கு இடம் மாறியது. 2011ஆம் ஆண்டு ஜூன் 30ஆம் நாள் இரவோடு அந்தப் பாதையில் ரயில் போக்குவரத்து நின்றது. தண்டவாளம் இருந்த இடத்தில் இன்று மக்கள் நடக்கிறார்கள், மிதிவண்டி ஓட்டுகிறார்கள்.

2014ஆம் ஆண்டில் மற்றொரு மாற்றம் அறிவிக்கப்பட்டது. தங்ளின் ஹால்ட், காமன்வெல்த் டிரைவ் வட்டாரத்தில் 31 புளோக்குகள் ஒட்டுமொத்த மறுமேம்பாட்டுத் திட்டத்தின்கீழ் வந்தன. குடியிருப்பாளர்களுக்கு இழப்பீடும், அருகிலேயே புதிய வீடு வாங்கும் வாய்ப்பும் வழங்கப்பட்டன. பலருக்கு அது வசதியான மாற்றம். மின்தூக்கி ஒவ்வொரு மாடியிலும் நிற்கும். குளியலறை புதியதாக இருக்கும். ஆனாலும், அரை நூற்றாண்டு வாழ்ந்த வீட்டின் கதவைக் கடைசியாகப் பூட்டியவர்களில் பலர், பூட்டிய பின்னும் சற்று நேரம் அங்கேயே நின்றிருப்பார்கள். இழப்பீட்டுக் கணக்கில் வீட்டின் பரப்பளவுக்கு ஒரு மதிப்பு உண்டு. அந்தச் சில நிமிடங்களுக்கு என்ன மதிப்பு?

கலப்பு ஊடகம் என்பது என்ன?

இத்தகைய கேள்விகளை ஆராயும் ஓவியர்களும் சிற்பிகளும் பெரும்பாலும் ஒரே ஊடகத்தோடு நிற்பதில்லை. ஊடகம் என்பது ஒரு கலைப்படைப்பு எதனால் ஆனதோ அந்தப் பொருள். எண்ணெய் வண்ணம் ஓர் ஊடகம். களிமண், மரம், புகைப்படம் ஆகியவையும் ஊடகங்களே. ஒரே படைப்பில் இரண்டு அல்லது அதற்கு மேற்பட்டவற்றைச் சேர்த்துப் பயன்படுத்துவதைக் கலப்பு ஊடகக் கலை என்கிறோம்.

1912ஆம் ஆண்டில் ஓவியர் பாப்லோ பிக்காசோ ஒரு புதுமையைச் செய்தார். பிரம்பு நாற்காலியின் பின்னலை வரைவதற்குப் பதிலாக, அந்தப் பின்னல் அச்சிடப்பட்ட எண்ணெய்த் துணியை ஓவியத்தில் ஒட்டினார். ஓவியத்தைச் சுற்றிச் சட்டத்திற்குப் பதிலாகக் கயிற்றைக் கட்டினார். அதுவரை, உலகில் உள்ள பொருளைப் போலத் தோன்றும்படி வரைவதே ஓவியரின் வேலையாக இருந்தது. இப்போது அன்றாட வாழ்வின் பொருளே ஓவியத்திற்குள் நுழைந்துவிட்டது.

இது ஏன் முக்கியம்? ஒரு பொருளை வரைந்து காட்டுவதற்கும் அந்தப் பொருளையே முன்னால் வைப்பதற்கும் வேறுபாடு உண்டு. பாட்டியின் சேலையை நீங்கள் அழகாக வரையலாம். ஆனால், அந்தச் சேலையின் ஒரு துண்டை ஓவியத்தில் வைத்தால், அதன் மங்கிய நிறமும் தைத்த கிழிசலும் தாமே பேசும். பொருள்கள் தங்கள் வரலாற்றைத் தம்மோடு எடுத்துவருகின்றன. அதனால்தான், நினைவை ஆராயும் கலைஞர்கள் பலர் கலப்பு ஊடகத்தைத் தேர்ந்தெடுக்கின்றனர்.

முடிவுறாத தோம்பு

யாழ்ப்பாணத்தைச் சேர்ந்த ஓவியர் தா. சனாதனன், யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறு கற்பிப்பவர். 2011ஆம் ஆண்டில் அவருடைய படைப்பு ஒன்று நூல் வடிவில் வெளிவந்தது. அதன் பெயர் 'முடிவுறாத தோம்பு' என்று பொருள்படும். பார்ப்பதற்கு அது ஓர் அலுவலகக் கோப்பைப் போலவே இருக்கும்.

தோம்பு என்பது பழைய நிலப் பதிவேடு. இலங்கையை ஆண்ட போர்ச்சுகீசியர் தொடங்கிய இம்முறையை, அவர்களுக்குப் பின் வந்த டச்சுக்காரர்கள் விரிவாக்கினர். யாருக்கு எவ்வளவு நிலம், அதில் என்னென்ன மரங்கள், அதற்கு என்ன வரி என்பன போன்ற விவரங்கள் அதில் எழுதப்பட்டன. வரி வாங்குவதற்காக அரசாங்கம் எழுதிய கணக்கு அது. அந்த நிலத்தில் வாழ்ந்தவர்கள் அதை எப்படி நேசித்தார்கள் என்பதற்கு அதில் இடமில்லை.

சனாதனன் அந்தப் பெயரை எடுத்து, முற்றிலும் வேறான ஒரு பதிவேட்டை உருவாக்கினார். இலங்கையில் 1983 முதல் 2009 வரை உள்நாட்டுப் போர் நடந்தது. வடக்குப் பகுதி மக்கள் பல முறை வீடுகளை விட்டு வெளியேற நேர்ந்தது. 1990ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் வடக்கில் வாழ்ந்த முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டனர். 1995ஆம் ஆண்டு அக்டோபர் இறுதியில் யாழ்ப்பாண நகரத்து மக்கள் கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு ஊரை விட்டு நடந்தனர். திரும்பி வந்தபோது பலருடைய வீடுகள் இடிந்திருந்தன. சிலருக்குத் திரும்பி வரவே வழியில்லை.

இவ்வாறு வீட்டை இழந்தவர்களைச் சனாதனன் சந்தித்தார். தமிழர்களும் முஸ்லிம்களும் அவர்களுள் இருந்தனர். அவர்களிடம் அவர் கேட்டது எளிய ஒன்றுதான்: உங்கள் வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து வரைந்து காட்டுங்கள். கட்டுரையின் தொடக்கத்தில் உங்களைச் செய்யச் சொன்னதும் அதுவே. அவ்வாறு வரையப்பட்ட 80 வீடுகள் அந்தக் கோப்பில் இடம்பெற்றுள்ளன.

ஒவ்வொரு வீடும் மூன்று முறை தோன்றுகிறது. முதலில், வீட்டை இழந்தவர் தம் கையால் வரைந்த வரைபடம். அடுத்து, அதே வீட்டைக் கட்டடக் கலைஞர் வரைவதுபோல் நேர்கோடுகளால் அமைத்த வரைபடம். மூன்றாவதாக, அந்த வீட்டைப் பற்றிக் கேட்ட கதையை மனத்தில் கொண்டு ஓவியர் பாஸ்டல் எனப்படும் வண்ணக்கட்டியால் வரைந்த ஓவியம். ஒரே வீட்டை மூன்று கைகள் வரைந்திருக்கின்றன.

இந்த மூன்றையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போது ஓர் உண்மை விளங்குகிறது. நினைவிலிருந்து வரையும் கை, அளவுகோலைப் பின்பற்றுவதில்லை. அதிகம் புழங்கிய இடம் பெரிதாகிவிடும். கிணறு, வேலி, மாமரம் என எந்தக் கட்டட ஆவணத்திலும் முதன்மை பெறாதவை நடுவில் வந்து நிற்கும். கட்டடக் கலைஞரின் கோடுகள் அதைத் திருத்தி ஒழுங்குபடுத்துகின்றன. வீடு இப்போது தெளிவாகத் தெரிகிறது. ஆனால், நடுங்கிய கோடு காணாமல் போய்விட்டது. அந்த நடுக்கத்தில்தானே அதை வரைந்தவர் இருந்தார்? ஓவியரின் மூன்றாவது படம் அந்த நடுக்கத்தைத் தேடிச் செல்கிறது.

இந்தத் தோம்பு ஏன் முடிவுறாதது? வீட்டை இழந்தவர்கள் 80 பேர் மட்டும் அல்லர் என்பது முதல் காரணம். எத்தனை பக்கங்கள் சேர்த்தாலும் இழப்பின் கணக்கு முடியாது என்பது இரண்டாவது காரணம். அரசாங்கக் கோப்பின் உருவத்தை எடுத்துக்கொண்டு, எந்த அரசாங்கக் கோப்பிலும் எழுதப்படாததை அதில் எழுதியதுதான் இந்தப் படைப்பின் வலிமை.

குவீன்ஸ்டவுன் குடியிருப்பாளரின் இடமாற்றமும் யாழ்ப்பாணத்து மக்களின் இடப்பெயர்வும் ஒன்றல்ல. முன்னவருக்கு அறிவிப்பும் அவகாசமும் மாற்று வீடும் கிடைத்தன. பின்னவருக்கு அவற்றில் எதுவும் கிடைக்கவில்லை. இரண்டையும் சமமாக்குவது பின்னவரின் துயரத்தைக் குறைத்துக் காட்டுவதாகும். ஆனால், இருவரிடமும் பென்சிலைக் கொடுத்தால், இருவரும் சுவர்களின் நீளத்தைவிட வாழ்ந்த இடங்களையே முதலில் வரைவார்கள்.

மஞ்சாடியின் எடை

சிங்கப்பூரின் பூங்காக்களிலும் சாலையோரங்களிலும் தரையில் சிவப்பாகப் பளபளக்கும் சிறு விதைகளைப் பார்த்திருப்பீர்கள். பொறுக்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டும் இருப்பீர்கள். மலாய் மொழியில் 'சாகா' எனப்படும் அந்த விதைக்குத் தமிழில் மஞ்சாடி என்று பெயர்.

மஞ்சாடி வெறும் விளையாட்டுப் பொருள் அன்று. அது ஓர் எடைக்கல். விதைகள் ஏறத்தாழ ஒரே எடையில் இருப்பதால் பொற்கொல்லர்கள் பொன்னை நிறுக்க அதைப் பயன்படுத்தினர். ஏறக்குறைய நான்கு விதைகள் சேர்ந்தால் ஒரு கிராம் ஆகும். இரண்டு குன்றிமணி ஒரு மஞ்சாடி. இருபது மஞ்சாடி ஒரு கழஞ்சு. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் முதலாம் ராஜராஜ சோழன் எழுப்பிய தஞ்சைப் பெரிய கோயிலின் கல்வெட்டுகளில், கோயிலுக்கு அளிக்கப்பட்ட பொன் நகைகளின் எடை கழஞ்சு, மஞ்சாடி, குன்றி என்றே பொறிக்கப்பட்டுள்ளது.

இந்த விதையைத் தம் கலையின் முக்கியப் பொருளாக்கியவர் குமாரி நாகப்பன். 1953ஆம் ஆண்டில் மலேசியாவின் கிள்ளான் நகரில் பிறந்த இவர், லண்டனில் உள்அலங்காரக் கலை பயின்று, பின்னர் சிங்கப்பூரில் குடியேறிக் கலைஞராக வளர்ந்தார். தேசிய அரும்பொருளகத்தில் வைக்கப்பட்ட மாபெரும் சிவப்பு மிளகாய், ஆர்ச்சர்ட் சாலையில் ஐயோன் கடைத்தொகுதிக்கு முன் இருக்கும் சாதிக்காய், சாங்கி விமான நிலையத்தில் உள்ள சாகா விதை ஆகிய சிற்பங்கள் இவருடையவை. நம் சமையலறையிலும் சாலையோரத்திலும் கிடக்கும் சின்னஞ்சிறு பொருள்களை ஆளுயரத்திற்கு மேல் உயர்த்தி நிறுத்தியவர் இவர்.

இவர் மஞ்சாடி விதைகளைப் பெருமளவில் குவித்தும் பரப்பியும் படைப்புகளை அமைத்திருக்கிறார். வண்ணங்களை அடுக்கடுக்காகப் பூசி ஓவியங்களும் தீட்டுகிறார். அவற்றில் சிவப்பும் ஆரஞ்சும் மஞ்சளும் திரும்பத் திரும்ப வருகின்றன. குங்குமமும் மஞ்சளும் விளக்கொளியும் நிறைந்த வழிபாட்டு நினைவுகளோடு வளர்ந்த ஒருவருக்கு அவை வெறும் நிறங்கள் அல்ல.

ஒரு விதையைக் கையில் எடுத்தால் அதன் எடையை உணர முடியாது. குவியலுக்கு முன் நின்றால் மலைத்துவிடுவோம். நினைவும் அப்படித்தான். அப்பா பள்ளிக்குக் கூட்டிச் சென்ற ஒரு காலைப் பொழுது மிகச் சிறியது. அத்தகைய ஆயிரம் காலைகள் சேரும்போது அது குழந்தைப் பருவம் ஆகிறது.

மஞ்சாடியில் அடையாளம் பற்றிய ஒரு பாடமும் உண்டு. இந்த விதை தமிழருக்கு மட்டும் உரியதன்று. மலாய்ச் சிறுவர் அதைச் சாகா என்று பொறுக்குகின்றனர். தமிழ்ப் பொற்கொல்லர் அதை மஞ்சாடி என்று நிறுத்தனர். குமாரி நாகப்பன் அதைச் சிங்கப்பூர் மண்ணிலிருந்து எடுக்கிறார். ஒரே விதைக்கு இரு பெயர்கள். சிங்கப்பூரில் வளரும் தமிழ் மாணவருக்கு இது புரியாத செய்தி அல்ல. வீட்டில் ஒரு மொழி, விளையாட்டுத் திடலில் மற்றொரு மொழி என வாழும் ஒருவர், இரண்டில் ஒன்றை இழந்தால்தான் தமக்கு அடையாளம் கிடைக்கும் என்பதில்லை.

பொன்னிறப் படிக்கட்டு

மூன்றாவது கலைஞர் வயதில் இளையவர். 2017ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில், லாசால் கலைக் கல்லூரி மாணவி பிரியகீதா டியா, ஜாலான் ராஜாவில் உள்ள ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் மேல்தளப் படிக்கட்டைப் பொன்னிறத் தாளால் போர்த்தினார். சாம்பல் நிறச் சிமெண்டுப் படிகள் திடீரெனத் தங்கமாக ஒளிர்ந்தன. அதன் படங்கள் வேகமாகப் பரவின. நாடெங்கும் பேச்சு எழுந்தது.

படிக்கட்டு பொது இடம் என்பதால், அனுமதியின்றி இவ்வாறு செய்வது விதிகளுக்குப் புறம்பானது என நகர மன்றம் தெரிவித்தது. பின்னர் அந்தப் பொன்னிறத் தாள் அகற்றப்பட்டது. 'எல்லாரும் இப்படிச் செய்யத் தொடங்கினால் என்ன ஆகும்? வழுக்கி யாராவது விழுந்தால் யார் பொறுப்பு?' என்று சிலர் கேட்டனர். 'தினமும் கவனிக்காமல் ஏறி இறங்கிய படிகளை முதன்முறையாகப் பார்க்க வைத்தாரே!' என்று வேறு சிலர் மகிழ்ந்தனர். இரு தரப்பிலும் நியாயம் இருந்தது. பலர் பகிர்ந்துகொள்ளும் இடத்தில் ஒருவர் மட்டும் முடிவெடுக்க முடியாது. அதே வேளையில், எல்லாருக்கும் உரிய இடம் யாருக்கும் உரியதல்லாத இடமாக மாறிவிடுவதும் உண்டு.

தொடக்கத்தில் பேசிய வீட்டுப் பத்திரத்தை மீண்டும் நினைத்துப் பாருங்கள். அதில் குறிக்கப்பட்ட சதுர மீட்டர் கணக்கில் படிக்கட்டு சேராது. நடைவழி சேராது. கட்டடத்தின் கீழ்த்தளமும் சேராது. ஆனால், அடுக்குமாடியில் வளர்ந்தவரின் நினைவில் இந்த இடங்களுக்குத்தான் பெரும் பங்கு. நண்பனுடன் சண்டையிட்டுப் பேசாமல் உட்கார்ந்தது படிக்கட்டில். தீபாவளிக்கு விளக்கு வைத்தது நடைவழியில். உறவினர் திருமணமும் இறுதிச் சடங்கும் நடந்தது கீழ்த்தளத்தில். பிரியகீதா பொன் போர்த்திய இடம், எந்த வீட்டின் கணக்கிலும் சேராத, ஆனால் எல்லா வீடுகளுக்கும் வழியான இடம்.

அதற்குப் பின் வந்த ஆண்டுகளில் அவர் கணினியில் உருவாக்கிய அசையும் படங்களையும் ஒலியையும் சேர்த்துப் படைத்து வருகிறார். மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களில் உழைத்த தமிழர்களின் வரலாறும் அவர்கள் கடந்து வந்த கடலும் அவற்றின் பொருளாகின்றன. தோட்டக் கணக்குப் புத்தகங்களில் அந்தத் தொழிலாளர்கள் பெரும்பாலும் எண்களாகவும் கூலித் தொகையாகவும் இருந்தனர். பேரப்பிள்ளைகளின் தலைமுறையைச் சேர்ந்த ஒரு கலைஞர், அந்த எண்களுக்குப் பின்னால் இருந்த முகங்களைத் தேடுகிறார்.

நினைவு தவறினால்?

இங்கே ஓர் ஐயம் எழலாம். நினைவு தவறக்கூடியதுதானே? ஐந்து வயதில் பெரிதாகத் தெரிந்த முற்றம், உண்மையில் சிறியதாக இருந்திருக்கலாம். ஒரே வீட்டில் வளர்ந்த அண்ணனும் தங்கையும் இரு வேறு வரைபடங்களை வரையலாம். அப்படியானால், நினைவை நம்பி உருவாக்கும் கலையை எப்படி ஏற்றுக்கொள்வது?

ஐயம் நியாயமானது. அதனால்தான் ஆவணங்கள் தேவைப்படுகின்றன. ஒரு கட்டடம் எந்த ஆண்டு கட்டப்பட்டது, எத்தனை பேர் இடம் மாறினர் என்பவற்றை நினைவிலிருந்து சொல்லக் கூடாது. சான்று பார்த்தே சொல்ல வேண்டும். சனாதனன்கூட நினைவு வரைபடத்தை மட்டும் வைக்கவில்லை. நேர்கோட்டு வரைபடத்தையும் அதன் அருகில் வைத்தார். ஒன்று மற்றொன்றைச் சரிபார்க்கிறது.

ஆனால், ஆவணம் பதில் சொல்ல முடியாத கேள்விகளும் உள்ளன. இந்த வீடு உங்களுக்கு என்னவாக இருந்தது என்பது அத்தகைய கேள்வி. முற்றத்தைப் பெரிதாக வரைந்த கை, நீளத்தைப் பற்றிப் பொய் சொல்லியிருக்கலாம். அந்த முற்றத்தில் தான் எவ்வளவு நேரம் விளையாடியது என்பதைப் பற்றி உண்மையையே சொல்கிறது.

அடையாளமும் இப்படித்தான் உருவாகிறது. பெயர், இனம், மொழி, பிறந்த ஊர் ஆகியவை அடையாள அட்டையிலும் படிவங்களிலும் இருக்கின்றன. அவை தேவையானவை. ஆயினும், 'நான் யார்?' என்ற கேள்விக்கு அவை முழு விடை ஆகா. தாத்தா விட்டு வந்த ஊர், பாட்டி சொன்ன கதை, அண்டை வீட்டார் பேசிய மொழி, இடிக்கப்பட்ட பழைய புளோக் ஆகிய பலவற்றை நாமே தேர்ந்தெடுத்து, ஒட்டி, அடுக்கி, நம்மை உருவாக்கிக்கொள்கிறோம். ஒரு வகையில் பார்த்தால் ஒவ்வொருவரும் ஒரு கலப்பு ஊடகப் படைப்புதான்.

உங்கள் தோம்பின் முதல் பக்கம்

சிங்கப்பூர் சிறிய நாடு. இடம் குறைவு; மக்கள் தேவை அதிகம். ஆகவே, பழைய கட்டடங்கள் எல்லாவற்றையும் பாதுகாக்க இயலாது. குவீன்ஸ்டவுனில் நடப்பது நாளை வேறு வட்டாரங்களிலும் நடக்கும். அதைத் தடுப்பது நம் கையில் இல்லாமல் இருக்கலாம். நினைவைத் தொலைக்காமல் இருப்பது நம் கையில் உள்ளது. அதற்குப் பெரிய கலைஞராக இருக்க வேண்டும் என்பதில்லை.

தொடக்கத்தில் எடுத்த அந்தத் தாளை மீண்டும் எடுங்கள். நீங்கள் வரைந்த வரைபடத்தைத் தாத்தாவிடமோ பாட்டியிடமோ பெற்றோரிடமோ காட்டுங்கள். "இது தப்பு. கதவு இந்தப் பக்கம் இருந்தது" என்று அவர்கள் திருத்துவார்கள். பென்சிலை அவர்கள் கையில் கொடுத்துவிடுங்கள். கதவைத் திருத்த வந்தவர் கதவோடு நிற்கமாட்டார். அந்தக் கதவைத் தட்டியவர்கள், அதன் முன் கோலம் போட்டவர்கள், அதைத் தாண்டி ஒரு நாள் போய்த் திரும்பாதவர்கள் எனக் கதை நீளும். கேட்டதை ஓரத்தில் எழுதுங்கள். பழைய பேருந்துச் சீட்டு, கடிதத்தின் உறை, சேலைத் துண்டு என ஏதேனும் கிடைத்தால் பக்கத்தில் ஒட்டுங்கள். சாலையோரத்தில் பொறுக்கிய மஞ்சாடி விதையையும் ஒட்டலாம்.

பக்கத்தின் கீழே தேதியையும், வரைந்தவர் இருவரின் பெயர்களையும் மறக்காமல் எழுதி வையுங்கள். அந்த வீட்டை ஒரு நாளும் பார்த்திராத ஒருவர், பல ஆண்டுகளுக்குப் பிறகு அந்தப் பக்கத்தைத் திருப்பக்கூடும்.